கே.பி.எஸ். பாட்டைக் கேட்க ஒரு வழி

'திருவிளையாடல்' (1965) படத்தில் 'பழம் நீயப்பா' தொடங்குவதற்கு முன்னால் ஒரு விருத்தம் வரும், 'ஞானப் பழத்தைப் பிழிந்து' என்று. அதைத் தள்ளிவிட்டு நேரே பல்லவிக்குப் போகிறவர்கள் நிறைய. தயவுசெய்து தள்ளாதீர்கள். கே.பி. சுந்தராம்பாள் யார் என்பது அந்த விருத்தத்தில்தான் இருக்கிறது. பின்னால் வரும் பாட்டு கண்ணதாசனுடையது. விருத்தமோ 1922இல் மறைந்த நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகளுடையது. அசல் மேடைச் சரக்கு.

விருத்தத்துக்குத் தாளம் கிடையாது. மிருதங்கம் சும்மா இருக்கும். நாடக மேடையில் அதற்கு ஒரு வேலை உண்டு: ராகத்தைச் சபையின் காதில் ஏற்றுவது, ஹார்மோனியப் பெட்டியின் சுருதியோடு தன் குரல் நிற்கிறதா என்று பாடுகிறவர் பார்த்துக்கொள்வது, சலசலப்பை அடக்குவது. சுந்தராம்பாள் சொற்களைப் பிரிக்கும் விதத்தைக் கவனியுங்கள். கார்வை, அதாவது நீட்டி நிறுத்தும் இடம், முழுக்க உயிரெழுத்தில் நிற்கும். மெய்யெழுத்தை மட்டும் வெட்டிவிட்டாற்போல் முடிப்பார். மைக் இல்லாத கொட்டகையில் கடைசித் தரை டிக்கெட்டுக்காரருக்கு இசை கேட்டால் போதாது, சொல்லும் கேட்க வேண்டும். மெய்யெழுத்தை இழுத்தால் சொல் கரைந்துவிடும்.

கொடுமுடியில் 1908இல் பிறந்த இவரை வளர்த்தது ஸ்பெஷல் நாடகம். நிரந்தரக் கம்பெனி இல்லாமல், ராஜபார்ட் (கதாநாயகன்) ஓர் ஊர், ஸ்திரீபார்ட் (கதாநாயகி) ஓர் ஊர், பபூன் (கோமாளி) வேறோர் ஊர் என்று அந்த ஓர் இரவுக்காகப் பேசிச் சேர்ப்பார்கள். ஒத்திகை கிடையாது. எல்லோருக்கும் கதையும் பாட்டும் மனப்பாடம்; மிச்சமெல்லாம் மேடையில்தான். எதிரே நிற்பவர் எதிர்பாராத ராகத்தில் ஒரு கேள்வியைப் பாடினால் அதே ராகத்தில் பதில் சொல்லத் தெரிய வேண்டும். தடுமாறினால் விடிய விடியத் தடுமாற்றம்தான், ஏனென்றால் ஆட்டம் முடிவது பொழுது விடியும்போது. குரலும் அதுவரை தாங்க வேண்டும்.

இலங்கையில் நாடகம் ஆடப்போன இடத்தில் எஸ்.ஜி. கிட்டப்பாவைச் சந்தித்தார். 1927இல் திருமணம். 'வள்ளி திருமணம்' ஆட இந்த ஜோடிதான் வேண்டும் என்று ஊர்கள் காத்துக் கிடந்தன. கிட்டப்பாவின் அண்ணன் காசி ஐயர் ஹார்மோனியம். 1933 டிசம்பரில் கிட்டப்பா போய்விட்டார். சுந்தராம்பாளுக்கு அப்போது இருபத்தைந்து வயது. வெள்ளைப் புடவைக்கு மாறினார். ஆண் நடிகர்களோடு ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார்.

ஒரு கதாநாயகியின் தொழில் அங்கே முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. ஜோடி இல்லாத வேடம் எது என்று தேடிப் போனால் கிடைப்பவை ஆண் வேடம், துறவி, கிழவி. மூன்றையும் செய்தார்.

முதலில் 'நந்தனார்' (1935). நந்தனாராகவே இவர் நடித்தார். வேதியராக மகாராஜபுரம் விசுவநாதய்யர். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய், அந்தக் காலத்தில்! படம் ஓடவில்லை. அதற்கு இவர் குரலைக் குறை சொல்வது நியாயமில்லை என்பது என் கட்சி. பின்னணிப் பாட்டு நடைமுறைக்கு வராத காலம். நடித்துக்கொண்டே பாட வேண்டும். மைக் சட்டகத்துக்கு வெளியே தொங்கும். முகத்தைத் திருப்பினால் குரல் தேயும், மேல் ஸ்தாயியில் முழு மூச்சாகப் பாடினால் ஒலிப்பதிவு கரகரக்கும். அதனால் பாட்டு முடியும்வரை ஆணி அடித்தாற்போல் நிற்க வேண்டியதுதான். மேடையில் கம்பீரமாக இருந்த அதே நிற்றல், கிட்டத்தில் வரும் கேமராவில் விறைப்பாகத் தெரியும்.

'ஒளவையார்' (1953) வந்தபோது பாட்டை முன்கூட்டிப் பதிந்துகொள்ளும் வசதி வந்துவிட்டது. ஜெமினி வாசன் தயாரிப்பு, கொத்தமங்கலம் சுப்பு இயக்கம். தொண்டைக்கும் உடம்புக்கும் தனித்தனி வேளை கிடைத்ததும் கோலை ஊன்றி நடக்கும் ஒரு கிழவியாகவே அவரால் இருக்க முடிந்தது. 'பூம்புகார்' (1964) படத்தில் சமணத் துறவி கவுந்தி அடிகள், 'காரைக்கால் அம்மையார்' (1973) படத்தில் முதிய அம்மையார். இடையில் 'துணைவன்' படப் பாட்டுக்காக 1969ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது, 1970இல் பத்மஸ்ரீ. காங்கிரஸ் மேடைகளில் பாடியதும் சட்ட மேலவை உறுப்பினராக இருந்ததும் தனிப் பதிவாகவே எழுத வேண்டியவை.

சுருதி பார்த்துக் கேட்கிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. டிவிடியிலிருந்தோ டிவியிலிருந்தோ எடுத்த பிரதியை வைத்து இவர் எத்தனை கட்டையில் (சுருதியின் அளவு) பாடினார் என்று தீர்ப்புச் சொல்லாதீர்கள். படம் எடுத்தது நொடிக்கு 24 சட்டகம். அந்தப் பிரதிகள் பல ஓடுவது 25. வேகம் சுமார் 4 சதவீதம் கூடும், சுருதி கிட்டத்தட்ட அரைக் கட்டை ஏறிவிடும். குரலும் கொஞ்சம் மெலிந்து கேட்கும். பாட்டு மட்டும் வெளியான இசைத்தட்டுப் பதிவு கிடைத்தால் அதையே எடுங்கள். 'காரைக்கால் அம்மையார்' படத்தின் 'தகதகதகவென ஆடவா' பாட்டை இரண்டு பிரதியிலும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். அறுபதைத் தாண்டியவர் பாடியது அது.