சாமித்தோப்பில் தலைப்பாகை கட்டி நின்றபோது

நாகர்கோவிலுக்கும் கன்னியாகுமரிக்கும் நடுவே, பெரிய சாலையை விட்டு விலகித் தென்னந்தோப்புகளுக்குள் புகுந்தால் சாமித்தோப்பு. அய்யாவழி என்ற சமய நெறியைத் தந்த அய்யா வைகுண்டரின் தலைமைப்பதி, அதாவது முதன்மைக் கோயில், அங்கேதான் இருக்கிறது. பதிக்குப் போவதற்கு முன் முத்திரிக்கிணற்றுக்குப் போக வேண்டும் என்பது அன்புக்கொடி மக்கள் எனப்படும் அய்யாவழி அன்பர்களின் வழக்கம். நானும் அங்கேதான் முதலில் போனேன்.

கிணற்றடியில் தண்ணீர் இறைத்து ஊற்றிக்கொள்ளும் கூட்டத்தில் யார் எந்தச் சாதி, எந்த ஊர் என்று யாரும் கேட்பதில்லை. இன்றைக்கு அது சாதாரணமாகத் தெரியலாம். 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில், திருவிதாங்கூர் ஆட்சியில், பனையேறும் மக்களும் அவர்களைப் போல ஒதுக்கப்பட்டவர்களும் பொதுக்கிணற்றை அண்ட முடியாது. அந்தக் காலத்தில் அத்தனை சாதியையும் ஒரே கிணற்றில் குளிக்க வைத்தார் அய்யா. குளிர்ந்த தண்ணீர் தலையில் விழுந்தபோது என் மனம் அதை நினைத்தே உருகியது.

ஈர உடம்போடு பதியை நோக்கி நடந்தேன். வாசலில் சட்டையைக் கழற்றிவிட்டுத் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றேன். பக்கத்தில் ஒரு பெரியவர், "மக்களே, துவர்த்தத் தலையில கெட்டிட்டு உள்ள போவணும்" என்றார். அவரே அதை வாங்கி இறுக்கமாகச் சுற்றிவிட்டார். பெரும்பாலான கோயில்களில் தலையில் இருப்பதை எடுத்துவிட்டுத்தான் சாமி முன் நிற்போம். இங்கே தலைப்பாகை இல்லாமல் ஆண்கள் நிற்கக் கூடாது.

இதற்குப் பின்னால் ஒரு பெரிய வலி இருக்கிறது. 1809இல் பிறந்த அய்யாவுக்குப் பெற்றோர் வைத்த பெயர் முடிசூடும் பெருமாள். தாழ்ந்த குலத்துப் பிள்ளைக்கு முடியோடு ஒரு பெயரா என்று மேல்சாதிக்காரர்கள் எதிர்த்ததால் அது முத்துக்குட்டி ஆயிற்று என்று சொல்வார்கள். அந்த மக்கள் தலைப்பாகை கட்டக் கூடாது, முழங்காலுக்குக் கீழே வேட்டி இறங்கக் கூடாது, பெண்கள் மார்பை மறைக்கக் கூடாது. தலை இருக்கிறதே, அதற்கும் ஒரு வரி. சுமை தூக்க மட்டுமே தலை என்று ஆக்கப்பட்டவர்களைப் பார்த்து, துண்டை எடுத்துத் தலையில் கட்டி ஆண்டவன் முன் நிமிர்ந்து நில் என்றார் அவர். அப்படிச் சொன்னவரைத் திருவனந்தபுரத்துக்குக் கொண்டுபோய்ச் சிங்காரத்தோப்பில் சிறை வைத்தார்கள்.

அப்புறம் வடக்கு வாசல். 1833 மாசி மாதம் திருச்செந்தூர்க் கடலுக்குள் போன முத்துக்குட்டி, மூன்றாம் நாள் வைகுண்டராக வெளியே வந்து, நடந்தே இந்த ஊரை அடைந்து ஆறு ஆண்டுகள் தவம் இருந்த இடம். முதல் இரண்டு ஆண்டு குழிக்குள் நின்று, அடுத்த இரண்டு ஆண்டு தரையில் அமர்ந்து, கடைசி இரண்டு ஆண்டு மேடையில் இருந்து என்று அன்பர்கள் சொல்கிறார்கள். அங்கே திருநாமம் இடுகிறார்கள். புருவ நடுவிலிருந்து நெற்றியில் மேல்நோக்கிப் போகும் வெள்ளை நாமம், சுடர் வடிவம். நெற்றியில் அந்த மண் காய்ந்து இறுகுவதை நான் நெடுநேரம் உணர்ந்துகொண்டே இருந்தேன்.

பள்ளியறை என்னும் கருவறைக்கு முன் வந்தால் சிலை கிடையாது. விளக்கு எரிகிறது, பின்னால் கண்ணாடி. அதில் தெரிவது தலைப்பாகை கட்டி, நெற்றியில் சுடரோடு நிற்கும் நாம்தான். "அய்யா சிவசிவ சிவசிவா அரகர அரகரா" என்று சுற்றிலும் உகப்படிப்பு என்னும் வழிபாட்டுப் பாடல் ஒலிக்க, என்னையே பார்த்துக் கைகூப்ப முதலில் கூச்சமாக இருந்தது. பிறகு என்னை அறியாமல் அழுதேன். அத்வைத வகுப்பில் பல நாள் உட்கார்ந்தாலும் மண்டையில் மட்டும் நிற்கும், நானும் இறைவனும் ஒன்றே என்ற கருத்து, இங்கே வெறும் கண்ணாடியால் நெஞ்சுக்குள் இறங்கிவிடுகிறது. எனக்குத் தெரிந்து இதைவிடத் துணிச்சலான கருவறை தமிழ் மண்ணில் இல்லை. பக்கத்தில் நின்று கும்பிட்டவரின் முகமும் அதே கண்ணாடியில் தெரிந்தது. அவரை இனி எப்படிக் கீழாக நினைப்பது?

அய்யாவழிக்கென்று ஓர் உலகக் கதையே உண்டு. 1841இல் அய்யாவின் சீடர் அரிகோபாலன் எழுதிய அகிலத்திரட்டு என்ற நூல் அதைச் சொல்கிறது. யுகங்கள் நான்கு அல்ல, எட்டு. முதல் யுகமான நீடிய யுகத்தில் உலகையே விழுங்கப் பார்த்த குறோணி என்ற அசுரனை ஆறு துண்டாக வெட்டுகிறார்கள். அந்தத் துண்டுகள்தான் பின்வரும் யுகங்களில் சூரபத்மனாகவும் இராவணனாகவும் துரியோதனனாகவும் பிறக்கின்றன. அதாவது தீமை ஒன்றே, முகம்தான் மாறி வருகிறது. கலியுகத்தில் வரும் கலியன், ஆயுதம் இல்லாத பண்டாரத்தை, அதாவது இரந்து வாழும் துறவியை மட்டும் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்து கொடுத்துவிடுகிறான். ஆகவே ஆண்டவன் படை இல்லாமல் பண்டாரமாக வருகிறான். எட்டாவதாகத் தர்மயுகம் பிறக்கும். தாழக் கிடப்பாரைத் தற்காப்பதே தர்மம் என்பது அய்யாவின் வாக்கு. அடிபட்டவர்கள் தங்களுக்காகத் தாங்களே கண்டெடுத்த இந்தப் புராணத்தை நாம் பள்ளியில் படிக்கவில்லையே என்பது எனக்கு உண்மையான வருத்தம்.

காணிக்கையும் கைக்கூலியும் வேண்டாம் என்றவரின் பதி என்பதால் தட்டு நீட்டுபவர் யாரும் இல்லை. கையில் கொடுத்த நித்தியப்பால், பச்சரிசியும் சிறுபயறும் சேர்ந்த கஞ்சி, சூடாக அவ்வளவு ருசி.

போக நினைப்பவர்களுக்கு: தமிழ் மாத முதல் ஞாயிறுகளில் கூட்டம் அதிகம், நிதானமாகக் கும்பிட வேறு நாள் நல்லது. வைகாசி, ஆவணி, தை மாதங்களில் பதினோரு நாள் திருவிழா. எட்டாம் நாள், கலியை வேட்டையாடும் கலிவேட்டையில் அய்யா வெள்ளைக் குதிரையில் ஏறி முத்திரிக்கிணற்றுக்கு வருவார், பதினோராம் நாள் தேர். அம்பலப்பதி, முட்டப்பதி, தாமரைகுளம்பதி, பூப்பதி நான்கையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்று அந்தப் பெரியவர் சொல்லி அனுப்பினார். வரும் ஆவணிக் கலிவேட்டைக்குக் குடும்பத்தோடு போகிறோம், அய்யா உண்டு.