வினைல் தரையில் அந்த மஞ்சள் கறை

தரைக்கு வினைல் (பிளாஸ்டிக் ஷீட் அல்லது பலகை) போட்ட வீட்டில் வாசல் கால்மிதியைத் தூக்கிப் பாருங்கள். அதே அளவில் மஞ்சளோ பழுப்போ ஒரு கட்டம் பதிந்திருந்தால், அது அழுக்கில்லை. றப்பர் கெட்டுப்போகாமல் இருக்கச் சேர்க்கும் இரசாயனம் வினைலுக்குள் ஊறி நிறத்தை மாற்றிவிடுகிறது. கறை உள்ளே இருப்பதால் மேலே எதைப் போட்டுத் தேய்த்தும் பலனில்லை. அடியில் றப்பரோ லேடெக்ஸோ உள்ள மிதியடி வேண்டாம், பருத்தித் துணி மிதியடி போதும். கதிரைக் கால்களின் றப்பர் குப்பியும் இதே வேலையைச் செய்யும். கழற்றிவிட்டு ஃபெல்ட் ஒட்டுங்கள்.

வெள்ளவத்தை, தெஹிவளைப் பக்கம் கடற்கரை மணல் வேறு. வீட்டு வினைலைத் தேயாமல் காக்கும் மேற்படை பெரும்பாலும் 0.3 மில்லிமீற்றர்தான். கூட்டாமல் மொப் போட்டால் மணலை வைத்து அரைப்பதுதான் நடக்கும். தும்பு மிதியடி கதவுக்கு வெளியே இருக்கட்டும்.

கழுவ 5 லீற்றர் இளஞ்சூட்டு நீருக்கு, போத்தலில் சொன்ன அளவு நியூட்ரல் கிளீனர் (அமிலமோ காரமோ இல்லாதது). கூடப் போட்டால் தரை பிசுபிசுக்கும், பிறகு அதிலேயே தூசு ஒட்டும். மொப்பை நன்றாகப் பிழியுங்கள். தின்னர், கழிவறை அசிட், ஸ்டீம் மொப் மூன்றும் கூடாது. நீராவிச் சூட்டில் பசை இளகிவிடும். குசினியில் மஞ்சள் சிந்தினால் உடனே துடையுங்கள். மிஞ்சிய சாயல் வெயில் படப்பட வெளிறும்.

கீழ்மாடி வீட்டில் ஓரம் கிளம்பினால் பசையை மட்டும் குறை சொல்லாதீர்கள். வெறும் கொங்கிறீட்டில் 45 சென்ரிமீற்றர் சதுரப் பொலித்தீனை நாலு பக்கமும் டேப் ஒட்டி ஒரு நாள் விடுங்கள். உள்ளே நீர்த்துளி நின்றாலோ கொங்கிறீட் கறுத்தாலோ ஈரம் கீழிருந்து வருகிறது. அதை நிறுத்தாமல் திரும்ப ஒட்டுவது பசைக்கும் காசுக்கும் நட்டம்.

பசையில்லாமல் ஒன்றோடொன்று கொழுவும் கிளிக் வகையென்றால் சுவரோரம் 6 மில்லிமீற்றராவது இடைவெளி வேண்டும். கடல் பார்த்த பிளாட்டில் பின்னேர வெயில் நேரே விழும்; விரிய இடமில்லாத பலகை நடுவில் உப்பும். திரைச்சீலை போடுங்கள், பாரமான அலுமாரிகளை இரண்டு அந்தத்திலும் வைக்காதீர்கள்.

ஷீட்டில் கறை பட்ட இடத்தை மட்டும் மாற்ற, மிச்சத் துண்டைக் கோலம் பொருந்த மேலே வைத்து டேப் ஒட்டி, புது பிளேட்டால் இரண்டையும் ஒரே வெட்டில் வெட்டுங்கள். அச்சாகப் பொருந்தும். அதற்காகவே, போடும்போது மிஞ்சும் துண்டை எறியாமல் சுருட்டி வையுங்கள். அடுத்த தொகுதியில் நிறம் கொஞ்சம் மாறியே வரலாம்.