தாத்தா சொத்து பேரனுக்கா?

உச்சிப்புளிப் பக்கம் சொந்தக்காரங்க வீட்டுல தென்னந்தோப்புத் தகராறு. "தாத்தா சொத்து, பேரனுக்குத்தான். அப்பா விற்கவே முடியாது"ன்னு பேரன் ஒருத்தன் குதிக்கிறான்.

அப்படி இல்லப்பா. தாத்தா கருவாட்டு வியாபாரத்துக் காசுல தன் பேருக்குக் கிரயம் வாங்கின தோப்பு, சுயசம்பாத்தியம். உயில் எழுதாம காலமானார். 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படி அது மனைவி, மகன், மகள் எல்லாருக்கும் சரிபங்கு. தாத்தாவோட அம்மா உயிரோட இருந்திருந்தா அவங்களுக்கும். அப்படி உங்கப்பாவுக்கு வந்த பங்கு அவரோட தனிச்சொத்து. 1986-லயே சந்தர் சென் வழக்குல உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. அவர் விற்கலாம், யாருக்கு வேணும்னாலும் எழுதலாம்.

பாகம் பிரியாம தலைமுறையா வர்ற கூட்டுக்குடும்பச் சொத்துதான் வேற கதை. அதுல பிறப்பாலேயே பங்கு, மகளுக்கும் சேர்த்து. மகளுக்கான இந்த உரிமை தமிழ்நாட்டுல 1989-லயே வந்துச்சு, ஆனா அதுக்கு முன்னாடி கட்டிக்கொடுத்த பெண்களை விட்டுட்டாங்க (என்ன நியாயமோ!). 2005 மத்தியச் சட்டம் அதைச் சரிபண்ணுச்சு. "அப்பா அதுக்கு முன்னாடியே போயிட்டாரே"ங்கிற சாக்கும் உச்ச நீதிமன்றத்தோட 2020 வினீதா சர்மா தீர்ப்போட போச்சு. 2004 டிசம்பர் 20-க்கு முன்னாடி முறையாப் பதிவான பாகப்பிரிவினையைக் கிளற முடியாது.

கீழக்கரை நண்பர் கேட்டுட்டுச் சிரிச்சார். முஸ்லிம் சட்டத்துல பிறப்புரிமைங்கிற பேச்சே இல்ல. வாப்பா இருக்கிறவரை யாரும் பங்கு கேட்க முடியாது.

அத்தைமார்களே, "சீர் செஞ்சாச்சு"ன்னு பங்கை விட்டுக்கொடுக்கிற விடுதலைப் பத்திரத்தை நீட்டினா, முதல்ல மூலப்பத்திரமும் வில்லங்கச் சான்றும் கேளுங்க.