தரத்தைப் பார்க்குமுன் வினாத்தாளைக் கேளுங்கள்

மகள் பத்தாம் வகுப்பில் கொண்டுவந்த அறிக்கையில் கணிதத்துக்கு நேரே ‘5எஃப்’ என்று இருந்தது. நான் யாழ்ப்பாணத்தில் சாதாரண தரப் பரீட்சை எழுதியவன். எங்கள் காலத்துப் பெறுபேற்றில் ‘எஃப்’ என்றால் சித்தியில்லை. பதறிப்போய்க் கேட்டேன். “அது ஃபவுண்டேஷன் அப்பா, ஃபெயில் இல்லை” என்றாள். நிம்மதியாகி அறிக்கையை மடித்து வைத்தேன். உண்மையில் நான் விசாரித்திருக்க வேண்டியது அந்த எழுத்தைத்தான்.

இங்கிலாந்தில் பதினாறு வயதில் எழுதும் ஜி.சி.எஸ்.இ. பரீட்சையின் தரங்கள் 2017 முதல் படிப்படியாக எண்களுக்கு மாறின. 9 உச்சம், 1 கடைசி, அதற்கும் கீழே ‘யூ’, அதாவது தரமே இல்லை. பழைய ‘ஏ’ தொடங்கிய இடத்தில் இப்போது 7. ‘சி’ தொடங்கிய இடத்தில் 4. நான்கு சாதாரணச் சித்தி, ஐந்து வலுவான சித்தி. இவ்வளவும் ஒரு மாலையில் புரிந்துவிடும்.

பெற்றோர் பலர் கவனிக்காமல் விடுவது வேறொன்று. கணிதம், விஞ்ஞானம், பிறமொழிகளுக்கு இரண்டு மட்டங்களில் வினாத்தாள் உண்டு: எளிதான ஃபவுண்டேஷன், கடினமான ஹையர். ஃபவுண்டேஷன் தாளில் எத்தனை புள்ளி எடுத்தாலும் 5க்கு மேல் தரமே கிடையாது. ஹையர் தாளில் 9 முதல் 4 வரை. மயிரிழையில் 4 தவறினால் 3, அதற்கும் கீழென்றால் ‘யூ’. ஆங்கிலத்துக்கும் வரலாற்றுக்கும் இந்தப் பிரிவு இல்லை.

ஜி.சி.எஸ்.இ.க்குப் பிறகு படிக்கும் ஏ லெவலில் கணிதம் எடுக்க, மகள் விரும்பிய கல்லூரி 7 கேட்டது. அவள் எழுதவிருந்த ஃபவுண்டேஷன் தாளில் முழுப்புள்ளி எடுத்தாலும் அது கிடைக்காது! பதினோராம் வகுப்பு நவம்பரில், நானாகக் கேட்ட பிறகுதான் பாடசாலையில் இதைச் சொன்னார்கள். தாளை மாற்றச் சம்மதித்து, பழைய ஹையர் தாள் ஒன்றைக் கையில் தந்தார்கள். அன்றிரவு சாப்பாட்டு மேசையில் அதை விரித்தவள் பாதியில் பென்சிலை வைத்துவிட்டாள். “இது எங்கள் வகுப்பில் நடத்தவே இல்லை அப்பா.” சைன் விதி, வட்டத் தேற்றங்கள், இருபடிச் சமன்பாட்டுச் சூத்திரம் எல்லாமே அவளுக்குப் புதிது. ஆறு மாதத்தில் அத்தனையையும் படித்தாள்.

ஹையர் பயிற்சித் தாளில் புள்ளி குறைந்தால் கலங்காதீர்கள். நம் ஊரில் போல 75க்கு ‘ஏ’ என்ற நிலையான கோடு இங்கே இல்லை. தர எல்லைகளை ஒவ்வோர் ஆண்டும் விடைத்தாள் திருத்திய பிறகே முடிவு செய்கிறார்கள். ஹையர் கணிதத்தில் 4க்கு மொத்தப் புள்ளியில் ஐந்தில் ஒரு பங்கு அளவே போதுமாக இருந்த ஆண்டுகள் உண்டு.

அதற்காக எல்லாப் பிள்ளையையும் ஹையருக்குத் தள்ளுவது நியாயமில்லை. ஆங்கிலத்திலும் கணிதத்திலும் 4 எடுக்காதவர்கள் பதினாறு வயதுக்குப் பிறகும் அந்தப் பாடங்களைத் தொடர வேண்டும். கணிதத்தில் திணறும் பிள்ளைக்கு அந்த 4தான் உயிர்நாடி; அவருக்கு ஃபவுண்டேஷனே பாதுகாப்பு.

ஆகஸ்டில் மகளுக்கு 6 வந்தது. அந்தக் கல்லூரி இடம் தரவில்லை. 6 போதும் என்ற இன்னொன்றில் கணிதம் படிக்கிறாள். மகன் இப்போது எட்டாம் வகுப்பு. வரும் பெற்றோர் சந்திப்பில் அவன் தரத்தைக் கேட்குமுன், அவனுடைய கணித வகுப்பில் எந்தத் தாளுக்கான பாடம் நடக்கிறது என்று கேட்கப் போகிறேன்.