மணலில் கிடந்த ஜவ்வரிசி

போன ஞாயிறு மகளோடு இங்கே சிங்கப்பூரில் ஈஸ்ட் கோஸ்ட் பார்க் கடற்கரைக்குப் போயிருந்தேன். மணலில் உட்கார்ந்து எதையோ பொறுக்கிப் பொறுக்கிக் கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டே இருந்தாள், கிளிஞ்சல்தானே என்று நானும் விட்டுவிட்டேன். வீட்டுக்கு வந்து துணியைத் துவைக்கப் போடும் முன் பையைத் தட்டினால் ஜவ்வரிசி மாதிரி வெள்ளை உருண்டைகள், ஏழெட்டு இருக்கும், ஒன்றிரண்டு மஞ்சள் பாரித்துப் போயிருந்தன. "மீன் முட்டைம்மா, அலமாரில வச்சா குஞ்சு பொரிக்கும்" என்றாள்.

அது மீன் முட்டை இல்லை, நர்டில். வாளி, டப்பா, பை எல்லாம் செய்வதற்குத் தொழிற்சாலைகளுக்கு மூட்டை மூட்டையாகப் போகும் பிளாஸ்டிக் மூலப்பொருள். கடலில் பிளாஸ்டிக் என்றாலே யாரோ பொறுப்பில்லாமல் வீசிவிட்டுப் போனது என்று திட்டிப் பழகிவிட்டோம், ஆனால் இதை யாரும் குடித்துவிட்டு எறியவில்லை, ஒரு நாள்கூட யாருக்கும் உபயோகப்படாமலேயே கடலுக்குப் போன சாமான் இது.

எக்ஸ்பிரஸ் பேர்ல் கப்பல் நினைவிருக்கிறதா? 2021 மே மாதம் கொழும்புக்கு அருகே தீப்பிடித்து எரிந்து, ஜூனில் மூழ்கியதே, அது சிங்கப்பூர்க் கொடி பறந்த கப்பல். அதிலிருந்து சுமார் 1,680 டன் நர்டில் கடலில் கொட்டியது. நீர்கொழும்புப் பக்கம் கரையெல்லாம் வெள்ளையாகி, மீனவர்கள் கடலுக்கே போக முடியாமல் கிடந்தார்கள். அப்புறம் 2025 மே மாதம் எல்சா 3 என்ற கப்பல் கொச்சிக்கு அப்பால் மூழ்கியது. சில நாளில் கன்னியாகுமரிப் பக்கத்திலிருந்து அம்மா ஃபோன்: "கடக்கரையில யாரோ ஜவ்வரிசி மூட்டைய அவுத்துக் கொட்டுன மாதிரி கெடக்குடி." அன்றைக்கு ஏதோ சொல்கிறாள் என்று உம் கொட்டினேன். இப்போது அதே ஜவ்வரிசி என் கையில்.

பிளாஸ்டிக் துண்டு 5 மில்லிமீட்டருக்குக் குறைவாக இருந்தால் மைக்ரோபிளாஸ்டிக் கணக்கு. நர்டிலாவது கண்ணுக்குத் தெரிகிறது. ஐயுசிஎன் என்ற சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு அமைப்பு 2017இல் போட்ட கணக்குப்படி, நேரடியாகவே துகளாகக் கடலுக்குப் போகும் பிளாஸ்டிக்கில் 35 சதவீதம் செயற்கை இழைத் துணிகளைத் துவைப்பதில் உதிர்வது, 28 சதவீதம் டயர் தேய்மானம். (என் பாலியெஸ்டர் சுடிதார்கள் மூங்கில் கழியில் காய்ந்துகொண்டிருக்கும்போதுதான் இதைப் படித்தேன்.) துவைத்த தண்ணீர் இங்கே சுத்திகரிப்புக்குப் போவதால் பெரும்பங்கு அங்கேயே தங்கிவிடும். டயர் தூசுக்கு அந்த வழியும் இல்லை, மழை அடித்துக் கால்வாயில் சேர்க்கிறது.

சாங்கி, செம்பவாங், லாசரஸ் தீவு கடற்கரைகளில் 2018இல் 275 துண்டுகளைப் பொறுக்கி ஆராய்ந்த சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தார், அவற்றின்மேல் 400க்கும் மேற்பட்ட பாக்டீரியா வகைகள் குடியிருப்பதைக் கண்டார்கள். பவளத்தை வெளுக்க வைக்கிற கூட்டமும் உண்டு, நம் வயிற்றைக் கெடுக்கிற கூட்டமும் உண்டு. டிடிடி பூச்சிக்கொல்லி மாதிரிப் பழைய நஞ்சுகளும் இந்த உருண்டைகளில் ஒட்டிக்கொள்கின்றன. மீன் முட்டை என்று என் மகளே ஏமாந்தாள், மீனைக் குறை சொல்லி என்ன செய்ய.

மனிதருக்கு என்ன ஆகும் என்பதில் வாட்ஸ்அப்பில் வரும் பீதியை நான் நம்புவதில்லை. ஆனால் 2024இல் இத்தாலியில் கழுத்து ரத்தக்குழாய் அடைப்பு நீக்கிய 257 பேரைப் பார்த்ததில், அடைப்பில் பிளாஸ்டிக் துகள் இருந்தவர்களுக்கு அடுத்த மூன்று ஆண்டுக்குள் மாரடைப்பு, பக்கவாதம், மரணம் ஏதாவது ஒன்று நேர்வது நாலரை மடங்கு அதிகம். பிளாஸ்டிக்தான் காரணம் என்று அவர்களே சொல்லவில்லை, சரி, இருந்தாலும் படித்த இரவு தூக்கம் வரவில்லை.

தேக்கா சந்தையில் வாங்கும் இக்கான் பிலிஸை, அதாவது நம் நெத்திலியை, நான் அப்படியே எண்ணெயில் போட்டுச் சம்பலில் கொட்டுகிற ஆள். அம்மா இங்கே வந்திருந்தபோது ஒவ்வொன்றாகத் தலையைக் கிள்ளிக் குடலை எடுத்துக்கொண்டிருந்தாள், "இதுக்கெல்லாம் யாருக்கும்மா நேரம்" என்று கிண்டல் செய்தேன். இந்த வாரம் நானே செய்து பார்த்தேன். கால் கிலோவுக்கு முக்கால் மணி நேரம் ஆகிறது. பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த மகள், எந்த மீன் வயிற்றிலாவது தன் முட்டை இருக்கிறதா என்று கேட்டாள்.