சாட்சி சொன்ன பிறகு பிராதைத் திருத்தினோம்

காங்கயம் பக்கம் எங்களுக்கு நாலு ஏக்கர் கொரங்காடு, அதாவது மேய்ச்சல் நிலம், இருக்கிறது. 1984ல் அப்பாவும் பெரியப்பாவும் பாகம் பிரித்துக்கொண்ட பத்திரத்தில், நடுவே ஓடும் கிளுவை வேலிதான் பொழி (எல்லை) என்று எழுதியிருக்கிறது. பத்திரம் பதிவானதோடு சரி, பட்டா கூட்டுப்பட்டாவாகவே கிடந்தது. அண்ணன் தம்பிக்குள் அதெல்லாம் எதற்கு என்று இருவருமே விட்டுவிட்டார்கள்.

2018ல் பெரியப்பா மகன் ஜேசிபி கொண்டுவந்து நூறடி வேலியைப் பிடுங்கினார். எங்கள் பக்கம் 27 சென்ட்டைச் சேர்த்துக் கல் நட ஆளும் கூட்டிவந்தார். தடுத்து நிறுத்தினோம், அடுத்த வாரமே வழக்குப் போட்டோம். "சுவாதீனம் உங்ககிட்டத்தானுங்க இருக்குது, நிரந்தர உறுத்துக்கட்டளை கேட்டாப் போதும், செலவும் கம்மி" என்றார் அப்போதைய வக்கீல். சுவாதீனம் என்றால் நிலம் யார் கையில் இருக்கிறது என்பது, உறுத்துக்கட்டளை என்றால் அதில் தலையிடாதே என்று கோர்ட் போடும் தடை. 2019ல் பெரியப்பா மகன் பதிலாகத் தாக்கல் செய்த எதிர்வுரையில் அந்த இடமே எங்களுடையது இல்லை என்று இருந்தது. அப்போதே பிராதை, அதாவது நாங்கள் வழக்குப் போட்ட மனுவை, திருத்தியிருக்க வேண்டும். யாரும் சொல்லவில்லை, எனக்கும் தெரியவில்லை. எழுவினாக்கள் (கோர்ட் தீர்மானிக்க வேண்டிய கேள்விகள்) வனைந்து, 2022ல் நான் முதல் சாட்சியாகப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்து, குறுக்கு விசாரணையும் பாதி முடிந்தது.

2023 ஆகஸ்டில் பயிர்க்கடனுக்காகச் சிட்டா எடுக்க இ-சேவை மையத்துக்குப் போனேன். கம்ப்யூட்டரில் இருந்த பையன் இரண்டு தரம் தட்டிப் பார்த்துவிட்டு, "அண்ணா, இந்த நம்பர் உட்பிரிவு ஆயிருச்சுங்க" என்று திரையைத் திருப்பிக் காட்டினான். நிலத்தின் சர்வே எண்ணில் 2 என்று இருந்தது 2ஏ, 2பி ஆகியிருந்தது. அந்த 27 சென்ட்டும் 2பிக்குள் போய், பெரியப்பா மகன் பேரில் தனிப்பட்டாவாக நின்றது. எங்களுக்கு நோட்டீஸ் எதுவும் வரவில்லை. வீட்டில் சொன்னபோது அம்மா கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "அப்ப, அப்பா பேரு அதுல இல்லீங்களா சாமி?"

அதன் பிறகு வேறொரு வக்கீலம்மாவிடம் போனேன். பட்டா மட்டுமே உரிமையைக் கொடுத்துவிடாது, பாகப்பத்திரம்தான் பலம் என்று முதலில் தைரியம் சொன்னார். ஆனால் உரிமையின் மேல் இப்படி ஒரு நிழல் விழுந்த பிறகு வெறும் உறுத்துக்கட்டளை வழக்கு நிற்காது, 2008லேயே சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது என்றார். சொத்து எங்களுடையது என்று கோர்ட்டே அறிவிக்கும் விளம்புகைப் பரிகாரத்தையும் சேர்த்துக் கேட்க வேண்டும். அதற்கு சிவில் நடைமுறைச் சட்டம், கட்டளை 6 விதி 17ன் கீழ், வழக்கு நடக்கும்போதே போடும் இடைமனு ஒன்று போட வேண்டும்.

2002 ஜூலை 1 முதல் அந்த விதியில் ஒரு வரம்பு உண்டு. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கேட்டால், உரிய கவனம் எடுத்திருந்தும் முன்பே அதைக் கொண்டுவர முடியவில்லை என்று கோர்ட் நம்ப வேண்டும். பழைய வக்கீல் ஆபீசில் டைப் செய்து வைத்திருந்த மனுவில் "கவனக்குறைவால் விடுபட்டுவிட்டது" என்று இருந்தது. வக்கீலம்மா அதைப் பேனாவால் அழுத்தி அடித்தார். "கவனம் எடுத்தீங்களான்னு கோர்ட் கேக்குது, நாம கவனக்குறைவுன்னு பதில் எழுதறோம். இந்த ஒரு வரி போதும் தள்ளுபடி ஆக."

அதற்குப் பதிலாகத் தேதிகளை எழுதினோம். உட்பிரிவு உத்தரவு என்றைக்குப் போடப்பட்டது, எனக்கு என்றைக்குத் தெரிந்தது, தாலுகா ஆபீசில் என்றைக்கு நகலுக்கு மனுக் கொடுத்தேன், நகல் என்றைக்குக் கைக்கு வந்தது. ஒவ்வொன்றுக்கும் ரசீது இணைத்தோம். மனுக் கொடுத்த ஒப்புகைச் சீட்டை நான் சட்டைப் பையிலேயே வைத்துக் கசக்கியிருந்தேன், அதை இஸ்திரி போட்டு ஜெராக்ஸ் எடுத்தோம். உங்களுக்கு இப்படி ஒரு நிலைமை வந்தால் மனுவில் எதைவிடவும் இந்தத் தேதிகளுக்கே நேரம் செலவழியுங்கள். பிராதில் பழைய வாசகம் எதையும் மாற்றவில்லை. அதே சொத்து, அதே தகராறு. பின்னால் நடந்ததையும் புதிய பரிகாரத்தையும் மட்டும் சேர்த்தோம்.

எதிர்த்தரப்பு கடுமையாக ஆட்சேபித்தது. 2019லேயே உரிமையை மறுத்துவிட்டோம், விளம்புகைக்கு மூன்று வருடக் காலவரம்பும் முடிந்துவிட்டது என்றார் அவர்கள் வக்கீல். நாங்கள் 2002ல் தீர்ப்பான சம்பத்குமார் எதிர் அய்யாக்கண்ணு வழக்கைக் காட்டினோம். 11 வருடம் கழித்துக் கேட்ட திருத்தத்தையே சுப்ரீம் கோர்ட் அதில் அனுமதித்திருக்கிறது. அங்கே விசாரணை தொடங்கவில்லை, இங்கே சாட்சியே கூண்டேறிவிட்டார் என்று உடனே பதில் வந்தது. அது நியாயமான பதில்தான். எங்களைக் காப்பாற்றியது அந்த உத்தரவின் தேதி. நான் பிரமாணப் பத்திரம் போட்ட பிறகுதான் உட்பிரிவே நடந்திருக்கிறது. நடக்காத ஒன்றை முன்பே எப்படிப் பிராதில் எழுதுவது?

3,000 ரூபாய் செலவுத்தொகை கட்டும்படி சொல்லி மனுவை அனுமதித்தார்கள். காலவரம்புக் கேள்வியை வழக்கின் முடிவில் பார்த்துக்கொள்ளலாம் என்று திறந்தே வைத்தார்கள். உத்தரவில் நாள் குறிப்பிடவில்லை என்றால் 14 நாளுக்குள் பிராதில் திருத்தத்தை ஏற்றிவிட வேண்டும். மனு ஜெயித்த சந்தோஷத்தில் இதைக் கோட்டை விட்டவர்கள் உண்டு என்று குமாஸ்தா அண்ணன் தினமும் போன் போட்டார். கோர்ட் கட்டணமும் கூடியது. விளம்புகையும் உறுத்துக்கட்டளையும் சேர்த்துக் கேட்டால் சந்தை மதிப்பில் பாதிக்கு 3 சதவீதம். 8 லட்சம் மதிப்புக்கு 12,000 ரூபாய் வந்தது.

எதிர்த்தரப்பு கூடுதல் எதிர்வுரை போட்டது, கோர்ட் கூடுதல் எழுவினா வனைந்தது. உட்பிரிவு உத்தரவின் மேல் கோட்டாட்சியரிடம் தனியாக அப்பீலும் போட்டிருக்கிறோம். நான் மறுபடி கூண்டேறினேன். 1984 பத்திரத்தைக் கையில் கொடுத்து, "இதில் எல்லை என்று எது சொல்லப்பட்டிருக்கிறது?" என்று வக்கீலம்மா கேட்டார். "கிளுவை வேலிங்க" என்றேன். அது பிராதில் முதல் நாளிலிருந்தே இருக்கிற வார்த்தை.