அழைப்பு மணியில் அப்பாவின் பெயர்

பிராக் நகருக்கு வந்த இரண்டாம் வாரம், ஓர் அலுவலகக் கூடத்தில் முறைச்சீட்டுடன் காத்திருந்தபோது, இறந்து ஆறு ஆண்டுகளாகிவிட்ட என் அப்பாவை யாரோ பெயர் சொல்லி அழைத்தார்கள். ஒரு கணம் வாசல் பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டேன். தலைப்பெழுத்தைக் கடவுச்சீட்டில் விரித்து எழுதினால் அதுவே குடும்பப் பெயராகிவிடும் என்பது தெரிந்ததுதான். ஆனால் ‘பன்’ என்ற செக் மரியாதைச் சொல்லோடு அந்தப் பெயர் ஒலித்தபோது எழுந்து போக எனக்குக் கால் வரவில்லை.

அன்று மாலை எதிர்வீட்டு அம்மையாரிடம் இதைச் சொன்னேன். ஓய்வுபெற்ற ஆசிரியையான அவர், எனக்கு ஆறுதல் சொல்வதற்குப் பதிலாக யிர்ஜி வொஸ்கொவெத்ஸ் என்ற நடிகரின் கதையைத் தொடங்கினார்.

1905இல் பிறந்தபோது அவர் வாக்ஸ்மன். அந்த ஜெர்மன் பெயரிலிருந்த ‘வாக்ஸ்’ என்ற மெழுகைக் குடும்பம் ‘வொஸ்க்’ என்று செக் மொழிக்கு மாற்றியதால் வொஸ்கொவெத்ஸ் ஆனார். 1927 முதல் நண்பர் யான் வெரிஹுடன் சேர்ந்து, முகத்தில் வெள்ளை பூசிக்கொண்டு, திரைச்சீலைக்கு முன்னால் நின்று அன்றாட அரசியலைப் பேசிப் பேசியே பிராக்கைச் சிரிக்க வைத்தார். கேட்டுக்கொண்டிருந்த எனக்கு எங்கள் ஊர்த் திரௌபதியம்மன் கோயில் கூத்தில், பாரதக் கதையின் நடுவே பஞ்சாயத்துத் தேர்தலை இழுத்துவரும் கட்டியங்காரன் நினைவுக்கு வந்தான். அப்பாவின் தோளில் உட்கார்ந்து பார்த்த கூத்து அது.

இருவரும் திரைப்படங்களிலும் நடித்தார்கள். ஹிட்லர் வளர வளர அவர்களின் கேலியும் கூர்மையாயிற்று. செக்கோஸ்லோவாகியாவின் எல்லைப் பகுதிகளை ஹிட்லருக்கு விட்டுக்கொடுத்த மியூனிக் ஒப்பந்தத்துக்குப் பின், 1938 நவம்பரில், அவர்களது அரங்கு மூடப்பட்டது. 1939 ஜனவரியில் இசையமைப்பாளர் யெஷெக்குடன் இருவரும் அமெரிக்கா போனார்கள். யெஷெக் 1942இல் நியூயார்க்கிலேயே இறந்தார். போர் முழுவதும் வானொலி வழியே தாய்நாட்டோடு பேசிய நண்பர்கள், போர் முடிந்ததும் ஊர் திரும்பினார்கள்.

என்னை இன்றுவரை உறுத்துவது இதற்குப் பின் நடந்ததுதான். 1948இல் கம்யூனிஸ்டுகள் ஆட்சியைப் பிடித்தபோது வொஸ்கொவெத்ஸ் பாரிஸ் சென்றார். அங்கிருந்து 1950இல் மீண்டும் அமெரிக்கா போய் இறங்கியவரை, கம்யூனிஸ்ட் அனுதாபியாக இருக்கலாம் என்ற சந்தேகத்தில், நியூயார்க் துறைமுகத்தில் குடியேற வருபவர்களை நிறுத்திவைக்கும் இடமாக இருந்த எல்லிஸ் தீவில் ஏறத்தாழ பதினொரு மாதம் அடைத்து வைத்தார்கள். எவருக்கு அஞ்சி ஊரை விட்டாரோ அவர்களுடைய ஆள் என்றே அவரைச் சந்தேகித்தார்கள். ஒரு முறைச்சீட்டுக்காக நான் காத்திருந்த இரண்டு மணி நேரத்தைக் குறையாகச் சொல்ல அதன்பின் எனக்கு வாய் வரவில்லை.

விடுதலையான பின் யிர்ஜி, ஜார்ஜ் ஆனார். 1957இல் வந்த ‘12 ஆங்ரி மென்’ படத்தில், ஒரு கொலை வழக்கை விவாதிக்கும் பன்னிரண்டு ஜூரிகளில் ஒருவரான, அயல்நாட்டிலிருந்து குடியேறிய கைக்கடிகாரத் தொழிலாளியாக நடிப்பவர் அவர்தான். கல்லூரியில் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறேன். அவர் யாரென்று அப்போது தெரியாது. படத்தில் அந்தப் பாத்திரத்துக்குப் பெயர்கூடக் கிடையாது, பதினொன்று என்ற எண் மட்டுமே. அரங்கு நிறைந்த கூட்டம் பெயர் சொல்லிக் கொண்டாடிய மனிதர் அவர்.

வெரிஹ் பிராக்கிலேயே இருந்தார். எல்லைக்கு இருபுறமிருந்தும் இருவரும் பல ஆண்டுகள் கடிதம் எழுதிக்கொண்டார்கள். 1980 அக்டோபர் 31 அன்று வெரிஹ் இறந்தார். எட்டு மாதங்களில், கலிபோர்னியாவில், வொஸ்கொவெத்ஸும் போய்ச் சேர்ந்தார். இன்று ஓல்ஷனி கல்லறைத் தோட்டத்தில் இருவரும் ஒன்றாக இருக்கிறார்கள். இறந்தோரை நினைக்கும் நவம்பர் 2 அன்று அம்மையார் என்னை அங்கே அழைத்துப் போனார். இலையுதிர்ந்த மரங்களுக்குக் கீழே ஆயிரக்கணக்கான மெழுகு விளக்குகள். கார்த்திகைக்கு எங்கள் தெரு இப்படித்தான் இருக்கும். அவர்களுக்கென ஒரு விளக்கை ஏற்றினேன். இன்னொன்றை எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தேன்.

இப்போது மூன்றாம் ஆண்டு. டிராமில் செக் மொழியில் வழி கேட்கிறேன், குளிரும் பழகிவிட்டது. அம்மையார் என் மனைவியை அப்பாவின் பெயரோடு, செக் பெண்களின் குடும்பப் பெயருக்குப் பின்னால் வரும் ‘ஓவா’ சேர்த்து அழைக்கிறார். மாமனார் பெயரை வாயால் சொல்லக் கூசியவள் அதைக் கேட்டுச் சிரித்துச் சிரித்து மாய்ந்துபோகிறாள். இங்கே அழைப்பு மணிகளில் குடும்பப் பெயரைத்தான் எழுதுவார்கள். விமானத்தில் ஒருமுறைகூட ஏறாத அப்பாவின் பெயர், பிராக்கின் ஜிஷ்கோவ் பகுதியில், ஐந்தாவது பொத்தானுக்குப் பக்கத்தில் இருக்கிறது. சாவி கையிலிருக்கும் நாட்களிலும் சில சமயம் அதை அழுத்திவிட்டுத்தான் உள்ளே போகிறேன்.